மலையடிவாரத்தில் ஒரு சொல்லும் ஒரு பண்ணும்

இசை இனியது; இனியதெல்லாம் நல்லது என்று நம்பிவிடுவது மனித இயல்பு. ஒரு மெட்டு செவியில் நுழைந்தவுடன் மனம் கதவைத் திறந்து வைத்துவிடுகிறது. அந்த மெட்டின் தோளில் ஏறிக்கொண்டு உள்ளே வருவது நட்பா, நஞ்சா என்று அப்பொழுது நாம் கேட்பதில்லை. பின்னர்க் கேட்கும்போது காலம் கடந்திருக்கும். இரண்டாம் உலகப் போர் முடிந்த 1945-க்குப் பின் வந்த பத்தாண்டுகளில், உலகின் பல மூலைகளில் திரைப்படம் எடுத்தவர்கள் இந்தக் கேள்வியை ஏதோ ஒரு வகையில் எதிர்கொண்டனர். அவற்றுள் ஒரு மூலை நமக்கு மிக அருகில் உள்ளது. அதுவே சேர்வராயன் மலையின் அடிவாரம்.

நாகலூர் முதலிய மலைக் கிராமங்களிலிருந்து ஏற்காட்டுக்கு வந்து, அங்கிருந்து இருபது கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து சேலத்துக்கு இறங்குவோர், நகருக்குள் நுழையும் முன் சாலையோரத்தில் ஒரு பழைய முகப்பு வளைவைக் காண்பர். வளைவுக்குப் பின்னால் இருந்த கட்டடங்கள் இன்று இல்லை. மாடர்ன் தியேட்டர்ஸ் என்னும் படப்பிடிப்பு நிலையத்தின் எஞ்சிய அடையாளம் அவ்வளவே. நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் அந்த வளாகத்தில் உருவாயின என்பதை இளைய தலைமுறையினர் பலர் அறியார். 1950-ஆம் ஆண்டில் ஒரு வசனகர்த்தாவும் ஓர் இசையமைப்பாளரும் அங்கே சேர்ந்து உருவாக்கிய ஒரு காட்சியைப் பற்றியே நாம் இக்கட்டுரையில் எண்ணிப் பார்க்க விரும்புகிறோம்.

ஆலை போன்ற கலைக்கூடம்

மாடர்ன் தியேட்டர்ஸை நிறுவியவர் திருச்செங்கோடு இராமலிங்கம் சுந்தரம். டி. ஆர். சுந்தரம் என்றே தமிழகம் அவரை அறியும். 1907-இல் பிறந்த இவர், இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் நெசவுத் தொழில்நுட்பம் கற்றுத் திரும்பியவர். ஆலையில் பஞ்சு ஒரு பக்கம் நுழைந்து மறுபக்கம் துணியாக வெளிவருவது போலவே, கதை ஒரு பக்கம் நுழைந்து மறுபக்கம் படச்சுருளாக வெளிவர வேண்டும் என்று அவர் கருதினார் போலும். எழுத்தாளர், பாடலாசிரியர், இசைக்குழுவினர், தச்சர், ஓவியர் எனப் பலரும் ஒரே வளாகத்தில் மாதச் சம்பளத்துக்கு வேலை செய்தனர். நேரம் தவறாமை அங்கே எழுதாச் சட்டமாக இருந்தது.

தொழில் தெரிந்தவர் எந்த நாட்டவராயினும் அழைத்துக்கொள்ளும் துணிவும் சுந்தரத்துக்கு இருந்தது. 1938-இல் இந்நிறுவனம் எடுத்த 'பாலன்', மலையாளத்தின் முதல் பேசும் படம். அதற்கு ஒளிப்பதிவு செய்தவர் ஒரு ஜெர்மானியர். பேடோ குஷ்வாக்கர் என்று நம் பதிவுகளில் அவர் பெயர் காணப்படுகிறது. பெர்லினின் ஒளி நிழல் வித்தை சேலத்துக்கு வந்து சேர்ந்தது இப்படித்தான். அடுத்த ஆண்டே போர் மூண்டது.

போர் நம் திரையுலகையும் விட்டுவைக்கவில்லை. கச்சா பிலிமுக்குப் பெருந்தட்டுப்பாடு ஏற்பட்டது. 1942-இல் ஒரு படம் 11,000 அடிக்கு மேல் நீளக்கூடாது என்று ஆங்கில அரசு வரம்பு விதித்தது. நாற்பது ஐம்பது பாடல்களோடு விடிய விடிய நடந்த நாடகத்தைப் போல விரிந்திருந்த தமிழ்ப் படம், வேறு வழியின்றித் தன்னைச் சுருக்கிக்கொள்ள நேர்ந்தது. பாட்டு குறைந்தது, பேச்சுக்கு இடம் பிறந்தது. 1944-இல் வெளிவந்து சென்னையில் மூன்று தீபாவளிகளைக் கண்ட 'ஹரிதாஸ்' படத்தின் நாயகர் எம். கே. தியாகராஜ பாகவதர், அதே ஆண்டு இறுதியில் ஒரு கொலை வழக்கில் கைதாகி, 1947-இல்தான் விடுதலையாகி வெளியே வந்தார். அவர் திரும்பி வந்தபோது, பாடத் தெரிந்தவரே நாயகர் என்ற காலம் மறைந்துகொண்டிருந்தது.

இசையமைப்பாளர்

அந்த மாற்றத்தின் நடுவே நின்றவர் ஜி. இராமநாதன். திருச்சிராப்பள்ளியை அடுத்த பிச்சாண்டார்கோவில் இவருடைய ஊர். தமையனார் சுந்தர பாகவதர் கதாகாலட்சேபம் செய்தவர். அவருக்கு ஆர்மோனியம் வாசித்தே இவர் இசை கற்றார். கதை சொல்பவரின் குரல் எங்கே ஏறும், எங்கே இறங்கும், கேட்போர் கண்ணில் எப்பொழுது நீர் துளிக்கும் என்பதைப் பக்கத்தில் அமர்ந்து கண்டறிந்த கல்வி அது. 'சிவகவி', 'ஹரிதாஸ்' ஆகிய படங்களில் பாபநாசம் சிவனின் பாடல்களுக்கு வாத்திய இசை அமைத்துப் பேர் பெற்றார். மாடர்ன் தியேட்டர்ஸின் பல படங்களுக்கும் அவரே இசையமைத்தார்.

நடிகரே பாட வேண்டும் என்ற நியதி தளர்ந்து, பின்னணிப் பாடகர் தோன்றியபொழுது பழைய இசைவாணர் பலர் திகைத்தனர். இராமநாதன் திகைக்கவில்லை. கருநாடக இசையின் இராகங்களை எளிய மக்களும் வாய்விட்டுப் பாடும்படி இறக்கி வைத்தார். இறக்கி வைத்தாலும் இராகத்தின் மதிப்பு குன்றவில்லை. 'தூக்குத் தூக்கி' (1954), 'அம்பிகாபதி' (1957), 'வீரபாண்டிய கட்டபொம்மன்' (1959), 'கப்பலோட்டிய தமிழன்' (1961) என அவர் இசையில் வந்த படங்களின் வரிசை நீளும்.

வசனகர்த்தா

மறுபுறம், சொல்லின் பக்கம் நின்றவர் மு. கருணாநிதி. 1924-இல் திருக்குவளையில் பிறந்த அவர், 1947-இல் வெளிவந்த 'ராஜகுமாரி' வாயிலாகத் திரைக்கு வந்தார். பகுத்தறிவு இயக்கத்தின் மேடையில் பயின்ற நா அவருடையது. அடுக்குமொழியும் எதுகை மோனையும் கொண்ட அவர் வசனங்களைக் கேட்கவே மக்கள் கொட்டகைக்கு வந்தனர். தாம் எழுதிய 'மந்திரி குமாரி' நாடகத்தை அவரே மாடர்ன் தியேட்டர்ஸுக்காகத் திரைவடிவில் எழுதினார். படம் 1950-இல் வெளிவந்தது.

இப்படத்தின் பணியாளர் பட்டியலைப் பார்த்தால் வியப்பு மேலிடும். கதையும் வசனமும் கடவுள் மறுப்பாளர் ஒருவருடையவை. இசை, காலட்சேப மேடையில் வளர்ந்த ஒருவருடையது. பாடல்கள் அ. மருதகாசியும் இசுலாமியக் கவிஞர் கா. மு. ஷெரீப்பும் எழுதியவை. இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்னும் அமெரிக்கர். 1935-இல் இந்தியா வந்து, தமிழ் பேசக் கற்காமலேயே பதினைந்து ஆண்டுகள் தமிழ்ப் படங்களை இயக்கியவர் அவர். படம் முடியும் முன்பே அவர் தாயகம் திரும்பிவிட, எஞ்சிய பகுதியைச் சுந்தரமே இயக்கினார். நம்பிக்கையால் வேறுபட்ட இத்தனை பேரும் ஒரே வளாகத்தில் ஒரே வேலையைச் செய்தனர்.

நம் இல்லங்களுக்கு நன்கு தெரிந்த இன்னொரு சான்றும் உண்டு. 1948-இல் வெளிவந்த 'ஞானசௌந்தரி' படத்தின் தேவமாதா பாடல் எத்தனையோ கத்தோலிக்கக் குடும்பங்களின் மாலைச் செபத்தோடு கலந்துவிட்டது. அதற்கு மெட்டமைத்த எஸ். வி. வெங்கட்ராமன், அதற்கு மூன்றாண்டு முன்பு 'மீரா'வின் கண்ணன் பாடல்களுக்கு மெட்டமைத்தவர். அந்தத் தேவமாதா பாடலில் குழந்தைக் குரலாக ஒலித்த ஜிக்கியே, 'மந்திரி குமாரி'யில் நாம் பார்க்கப்போகும் பாடலையும் பாடினார். கலைஞரின் கை எந்த நெஞ்சத்துக்கும் உழைக்கும் என்பதற்கு வேறு சான்று வேண்டுவதில்லை.

பகையால் பிழைத்த கதை

'மந்திரி குமாரி'யின் கதைக்கரு ஐம்பெருங் காப்பியங்களுள் ஒன்றான குண்டலகேசியிலிருந்து வந்தது. நாதகுத்தனார் இயற்றிய இப்பௌத்த காப்பியம் நமக்கு முழுமையாகக் கிடைக்கவில்லை. கிடைத்தவை ஏறத்தாழ 19 செய்யுட்களே. ஆயினும் கதை பிழைத்தது. குண்டலகேசியை மறுப்பதற்கென்றே எழுந்த சமண நூல் நீலகேசி. அதன் உரையிலேதான் குண்டலகேசியின் வரலாறு பொதிந்து கிடந்தது. மறுக்க வந்தவர், மறுக்கப்படுவதை நேர்மையுடன் எடுத்துரைத்தார்; அந்த நேர்மையே எதிரியின் கதைக்கு உயிர் கொடுத்தது. மாற்றாரின் கருத்தைத் திரிக்காமல் சொல்லும் பண்பு எத்துணைப் பெரிய அறம் என்பதை இலக்கிய வரலாறு இங்கே மெல்லக் கற்பிக்கிறது.

கதை இதுதான். வணிகர் மகள் ஒருத்தி, கொலைக்களத்துக்கு இட்டுச் செல்லப்படும் கள்வன் ஒருவன்மீது காதல் கொள்கிறாள். தந்தை அவனை மீட்டு மணம் முடித்து வைக்கிறார். பின்னொரு நாள் அவன் அவளை மலையுச்சிக்கு அழைத்துச் சென்று கொல்ல முயல்கிறான். அவளோ, இறக்கும் முன் கணவனை வலம் வந்து வணங்க வேண்டும் என்று கேட்டு, வலம் வருபவள் போல அவனையே மலையிலிருந்து தள்ளிவிடுகிறாள். பின்னர்த் துறவு பூண்டு அறம் உரைக்கிறாள்.

இப்பழங்கதையில் கருணாநிதி ஒரு புதுப்பாத்திரத்தைச் சேர்த்தார். அதுவே எம். என். நம்பியார் நடித்த இராஜகுரு. மன்னனைத் தன் சொற்படி ஆட்டிவைக்கும் அவருடைய மகன் பார்த்திபனே நாட்டைச் சூறையாடும் கொள்ளையன். அவ்வேடத்தில் நடித்தவர் எஸ். ஏ. நடராஜன். மந்திரியின் மகள் அமுதவல்லியாக மாதுரி தேவி நடித்தார். தளபதி வேடம் எம். ஜி. இராமச்சந்திரனுக்கு. சமயத்தின் போர்வையில் அதிகாரம் தேடுவோரைச் சாடுவது வசனகர்த்தாவின் நோக்கம். அவர் கொள்கையோடு நமக்கு உடன்பாடு இல்லாதிருக்கலாம். ஆனால் திருவுடை அணிந்தவர் அரியணையின் பின்னால் நின்று ஆள முற்படும்போது சமயமே முதலில் காயப்படும் என்பதை, நம்பிக்கையுடையோர் பிறர் சொல்லாமலேயே அறிந்திருக்க வேண்டும். ஐரோப்பியத் திருச்சபையின் வரலாற்றிலேயே இதற்குச் சான்றுகள் நிறைய உண்டு.

மலையுச்சிக்கு ஒரு பாட்டு

இனி அந்தக் காட்சி. பார்த்திபன் தன் மனைவியைக் கொல்லும் எண்ணத்துடன் மலைமேல் அழைத்துச் செல்கிறான். அவ்வேளையில் எழும் பாடல், 'வாராய்' என்ற அழைப்பில் தொடங்குவது. பாடியவர்கள் திருச்சி லோகநாதனும் ஜிக்கியும். அதைக் கேட்டறியாத தமிழர் அக்காலத்தில் அரியர். இன்றும் வானொலியில் ஒலித்தால் வயதானோர் கைவேலையை நிறுத்திவிட்டுக் கேட்பர்.

இராமநாதன் இங்கே செய்ததை உற்று நோக்க வேண்டும். கொலைகாரனின் பாட்டுக்கு அவர் அச்சமூட்டும் இசை அமைக்கவில்லை. முரசும் இல்லை, அபாய ஒலியும் இல்லை. தென்றல் வீசும் மாலையில் காதலன் காதலியை அழைப்பது போன்ற மெட்டு அது. நம்பி வரும் பெண்ணின் குரலும் அதே மெட்டில் இழைகிறது. அவள் செவிக்கு எது எட்டியதோ அதுவே நம் செவிக்கும் எட்டுகிறது. அவள் ஏமாறியது எப்படி என்பதை வசனம் விளக்க வேண்டிய தேவையே இல்லாமற் போகிறது. ஏனெனில் அந்த இனிமையில் நாமும் ஏமாந்து நிற்கிறோம்.

பிறகு மலையுச்சி வருகிறது. இசை ஓய்கிறது. அங்கே சொல் தன் வேலையைத் தொடங்குகிறது. அவன் தன் உள்ளத்தைத் திறந்து காட்டுகிறான். அவள் மூன்று முறை வலம் வர அனுமதி கேட்கிறாள். இசை மூடி வைத்ததைச் சொல் திறந்து காட்டிவிட்டது. பாட்டின் இனிமை இல்லையேல் சொல்லின் கொடுமை உறைத்திராது. அந்தச் சொல் வந்திராவிட்டால் பாட்டு வெறும் காதல் பாட்டாகவே நின்றிருக்கும்.

இருவரும் அமர்ந்து பேசி வகுத்த திட்டமா, இருவர் தொழிலும் இயல்பாகச் சந்தித்த விளைவா என்பது நமக்கு முக்கியமன்று. இனிமையைச் சோதித்துப் பார்க்க ஒரு நேர்மையான சொல் அருகில் இருக்க வேண்டும் என்ற உண்மை, இருபது நிமிடப் பிரசங்கத்தைவிடத் தெளிவாக அச்சில நிமிடங்களில் விளங்கிவிடுகிறது.

இடிபாடுகளுக்கு நடுவே

இதே ஆண்டுகளில் ஜெர்மனியில் நடந்ததை இதனோடு ஒப்பிட்டுப் பார்ப்பது பயன் தரும். நாத்சி ஆட்சி இசையையும் திரைப்படத்தையும் மிகத் திறமையாகக் கையாண்ட ஆட்சி. நகரங்கள் கற்குவியலாகக் கிடந்த 1946-இல், போருக்குப் பிந்திய முதல் ஜெர்மன் படம் பெர்லினில் திரையிடப்பட்டது. 'கொலைகாரர் நம்மிடையே இருக்கின்றனர்' என்பது அதன் பெயர். எழுதி இயக்கியவர் வொல்ஃப்காங் ஷ்டவுட்டே. இசை எர்ன்ஸ்ட் ரோட்டர்ஸ். ஷ்டவுட்டே போர்க்காலத்தில் யூத வெறுப்பைப் பரப்பிய 'யூத் சூஸ்' படத்தில் சிறு வேடமேற்று நடித்தவர். எனவே அப்படத்தின் பெயரிலுள்ள 'நம்மிடையே' என்ற சொல் அவரையும் விட்டுவிடவில்லை.

கதையில், 1942-ஆம் ஆண்டுக் கிறிஸ்து பிறப்பு விழாவின் முந்திய இரவில், போலந்து நாட்டுக் கிராமம் ஒன்றில் நூற்றுக்கும் மேற்பட்ட மக்களைச் சுட்டுக் கொல்ல ஆணையிடுகிறான் ஒரு படைத்தலைவன். அதே இரவில் அவனுடைய படை பெருவிழாக் கொண்டாடுகிறது. போர் முடிந்ததும் அவன் தலைக்கவசங்களைச் சமையற் பாத்திரங்களாக்கும் ஆலை முதலாளியாக, ஊர் மெச்சும் குடும்பத் தலைவனாக வாழ்கிறான். அவன்கீழ்ப் பணியாற்றிய மருத்துவர் அவனைக் கொன்று பழி தீர்ப்பதாகவே ஷ்டவுட்டே முதலில் எழுதினார். சோவியத் அதிகாரிகள் அதை ஏற்கவில்லை. பழி வாங்கலுக்குப் பதில் நீதிமன்றம் என்று முடிவு மாற்றப்பட்டது. பெர்லினின் மருத்துவர் கையைத் தடுத்தனர். சேலத்தின் அமுதவல்லியின் கையையோ எவரும் தடுக்கவில்லை. எது சரி என்று வாசகர் தம் மனச்சான்றைக் கேட்டுக்கொள்வாராக.

ஆனால் ஜெர்மன் மக்கள் இடிபாடுகளை நெடுநாள் பார்க்க விரும்பவில்லை. 'மந்திரி குமாரி' வெளிவந்த அதே 1950-இல், மேற்கு ஜெர்மனியின் போருக்குப் பிந்திய முதல் முழு வண்ணப் படம் திரைக்கு வந்தது. 'கருங்காட்டுப் பெண்' என்று பொருள்படும் 'ஷ்வார்ட்ஸ்வால்ட்மேடல்'. மலை, காடு, திருவிழா, மரபுடை, காதல், பாட்டு இவையே அதன் உள்ளடக்கம். குண்டு விழுந்த தடமே அதில் இல்லை. ஒரு கோடிக்கும் மேலானோர் அதைக் கண்டு மகிழ்ந்தனர். மலையும் கிராமமும் பாட்டும் நிறைந்த இத்தகைய தாயகப் படங்கள் அதன்பின் பெருகின.

அப்படத்துக்கு மூலமான இசைநாடகம் 1917-இல் பெர்லினில் அரங்கேறியது. அதன் இசையமைப்பாளர் லேயோன் யெஸ்ஸல். யூதக் குடும்பத்தில் பிறந்து, இளவயதிலேயே கிறிஸ்தவரானவர். தம் நாட்டை மிக நேசித்தவர். ஆயினும் நாத்சியருக்கு அவர் பிறப்பே போதுமான குற்றமாயிற்று. அவர் படைப்புகள் தடை செய்யப்பட்டன. 1941 டிசம்பரில் இரகசியப் போலீசார் அவரைக் கைது செய்து வதைத்தனர். அந்த வதையின் விளைவாக 1942 சனவரி 4-ஆம் நாள் அவர் இறந்தார். எட்டாண்டுகளுக்குப் பின் அவர் மெட்டுக்களைக் கேட்டுக் கண் பனித்த கூட்டத்தில், அவர் எப்படி இறந்தார் என்று எத்தனை பேர் எண்ணியிருப்பர்?

மெட்டை வைத்துக்கொண்டு மெட்டமைத்தவரைக் கொன்றது ஒரு சமுதாயம். பிறகு அந்த மெட்டைக் கொண்டே கொலையையும் மறந்தது. சேலத்துக் காட்சியில் இசை ஓய்ந்து சொல் எழுந்தது. கருங்காட்டுப் படத்திலோ இசை ஓயவே இல்லை. ஆதலால் சொல்லுக்கு இடமே கிடைக்கவில்லை.

நமக்குரிய கடன்

நம் சமுதாயம் எந்த இசைவாணரையும் அப்படி வதைக்கவில்லை. ஆனால் மறதி நம்மிடமும் உண்டு. வசனகர்த்தா 1969-இல் தமிழகத்தின் முதல்வரானார். 2018-இல் அவர் மறைந்தபோது நாடே அறிந்தது. தளபதியாக நடித்தவரும் பின்னாளில் முதல்வரானார். 1963-ஆம் ஆண்டு ஆகஸ்டில் சுந்தரம் காலமானார். அதே ஆண்டு நவம்பரில் இராமநாதனும் காலமானார். மெட்டமைத்தவரின் பெயரை நாம் எங்கே வைத்தோம்? பாடலை முணுமுணுக்கும் பத்துப் பேரை நிறுத்திக் கேட்டால், பாடியவர் பெயரைச் சிலர் சொல்வர். நடித்தவர் பெயரை இன்னும் சிலர் சொல்வர். இராமநாதன் என்ற பெயர் எத்தனை வாயிலிருந்து வரும்?

இது திரையோடு முடிகிற செய்தியன்று. நம் ஆலயங்களில் நாம் பாடும் பாடல்களுக்கு மெட்டமைத்தவர் யார், சொல் தந்தவர் யார் என்று நாம் கேட்பது உண்டா? பாடற்குழுவினர் கையிலுள்ள ஏட்டில் அவர்கள் பெயர் உண்டா? உழைத்தவருக்குரிய கூலியை நிறுத்தி வைப்பது பாவம் என்று திருமறை சொல்கிறது. உழைத்தவரின் பெயரும் அக்கூலியில் ஒரு பங்கே எனலாம்.

மெட்டு நம்மை ஈர்க்கும்போது, இது எங்கே அழைக்கிறது என்று சொல்லிடம் கேட்டுக்கொள்வோம். மெட்டு நம்மைத் தேற்றும்போது, இதைத் தந்தவர் யார், அவருக்கு என்ன நேர்ந்தது என்று வரலாற்றிடம் கேட்டுக்கொள்வோம். வீட்டில் பழைய பாடல் ஒலிக்கையில் பிள்ளைகளுக்கு அந்தப் பெயர்களை ஒருமுறை சொல்லி வைத்தால் போதும். இராமநாதனுக்கும் யெஸ்ஸலுக்கும் நாம் செலுத்த வேண்டிய கடனில் ஒரு காசேனும் குறையும்.